வெடிப்புக்குள் போட்ட லைன்

முதல் வேலை ஸ்லீவைக் கோர்ப்பது. விரல் நீளம்கூட இல்லாத அந்தச் சிறு குழலை மறந்துவிட்டு, அறுந்த கேபிளின் இரண்டு நுனிகளையும் ஒட்டினால், திரும்ப வெட்டி முதலிலிருந்து தொடங்கவேண்டியதுதான். உமாதேவியின் கைகள் மறக்கவில்லை. குழலைக் கோர்த்து ஓரமாகத் தள்ளின. கறுப்பு உறையைச் சீவின. உள்ளே இருந்த மஞ்சள் நூலைக் கத்தரித்தன. தலைமுடியைவிட மெல்லிய கண்ணாடி இழை வெளியே வந்தது. ஸ்பிரிட் நனைத்த துணியால் அதை ஒரே இழுப்பில் துடைத்து, வெட்டும் கருவியில் வைத்து அமுக்கின. டிக்கென்று ஒரு சத்தம். அவ்வளவுதான்.

தலைக்கு மேலே ஆட்டு வாடை வீசும் கம்பளி ஒன்று கூடாரம்போல் பிடிக்கப்பட்டிருந்தது. அதைப் பிடித்திருந்த மாயகிருஷ்ணன், இரண்டு கைகளையும் மாற்றி மாற்றிப் பார்த்துவிட்டுப் பொறுக்கமாட்டாமல் சொன்னார்.

"தாயி, தோள்பட்டை விட்டுப்போச்சு."

"அசையாதீங்க பெரியப்பா. காத்து உள்ள வந்தா தூசி வரும். தூசி பட்டா படம் வராது."

"இம்புட்டுக்காண்டு கண்ணாடிக்குள்ள ஆளும் பேரும் ஓடுற படம் போவுதுங்க. நானும் நம்புதேன்."

"நம்பாட்டியும் பரவாயில்ல. கம்பளியை மட்டும் ஆட்டாம புடிங்க."

"நான்தானே அறுத்தேன், அதுக்காகப் புடிக்கேன். இல்லைன்னா இந்த வெயில்ல எவன் நிப்பான்?"

உமாதேவி அடுத்த நுனியை எடுத்துச் சீவ ஆரம்பித்தாள். கோவில்பட்டிக்கு வெளியே, பஞ்செடுப்பு முடிந்து காய்ந்த செடிமாரெல்லாம் பிடுங்கிப் போட்ட பருத்திக் காட்டில், சித்திரை வெயிலில், கரிசல் மண்ணில் குப்புறப் படுத்த மாதிரிக் கிடந்தாள். அவளுடைய முழங்கைக்குப் பக்கத்தில் ஒரு வெடிப்பு, கை நுழைகிற அகலத்தில், அடி தெரியாத ஆழத்தில் போய்க்கொண்டிருந்தது. அறுந்த லைன் அதற்குள்ளிருந்துதான் தலை நீட்டியிருந்தது. மைதானத்தில் ஆட்டம் தொடங்கிவிட்டது. இரண்டாம் பாதிக்குள் ஒட்டியாக வேண்டும்.

இரண்டாம் பாதியில்தான் பூங்கொடி ஆடுவாள்.

பூங்கொடி நகரப் பெண்கள் ஹாக்கி அணியின் இரண்டாவது கோல்கீப்பர். வைகாசியில் லீக் தொடங்கும். லீக்கில் முதல் கோல்கீப்பருக்குக் காய்ச்சல் வந்தால்தான் இரண்டாமவளுக்கு வேலை. மற்றபடி காலில் அத்தனை பெரிய காப்புப் பேடைக் கட்டிக்கொண்டு பெஞ்சில் உட்கார்ந்து எழுந்து வரவேண்டியதுதான். லீக்குக்கு முன்னால் சித்திரையில் நடக்கிற பயிற்சி ஆட்டங்களில்தான் கோச் எல்லாரையும் இறக்கிப் பார்ப்பார். இன்றைக்கு, திருநெல்வேலியிலிருந்து வந்திருக்கும் அணியோடு, கடைசிப் பயிற்சி ஆட்டம்.

பயிற்சி ஆட்டத்தை எந்தப் பெரிய டிவியும் காட்டாது. செல்லில் காசு கட்டிப் பார்க்கிற ஆப்களும் காட்டாது. கோவில்பட்டியில் அதைக் காட்டுவது உமாதேவியின் லோக்கல் சேனல் ஒன்றுதான். கேபிள் வேலை அவள் பிறந்த வீட்டுத் தொழில். அண்ணன் ஏணியில் ஏற, இவள் கீழே ஏணியைப் பிடித்தபடி அண்ணாந்து பார்த்தே பாதியைக் கற்றுக்கொண்டாள். அண்ணன் திருப்பூருக்குப் போனபோது ஏணி இவள் கைக்கு வந்தது. மீதியை ஏறிக் கற்றுக்கொண்டாள். சுடிதாருக்கு மேல் புருஷனுடைய பழைய சட்டையைப் போட்டுக்கொண்டு போஸ்ட்டில் ஏறுகிறவளைத் தெருவில் முதலில் வேடிக்கை பார்த்தார்கள். அப்புறம் படம் தெரியாவிட்டால் நடு மத்தியானத்திலும் கூப்பிட ஆரம்பித்தார்கள்.

புருஷன் செல்வகணேஷ் கல்யாண வீடியோ எடுக்கிறவன். மைதானத்தில் கேமராவோடு நிற்பது அவன்தான். கோச் ஒரே ஒரு நிபந்தனையோடு அனுமதி கொடுத்திருந்தார்: நம் அணிக்குப் பெனால்டி கார்னர் கிடைத்தால் அதை எப்படி அடிக்கிறோம் என்று காட்டக்கூடாது, மற்ற ஊர் அணிகள் பார்த்துக்கொள்ளும். அதனால் பெனால்டி கார்னர் வந்ததும் செல்வகணேஷ் கேமராவை மைதானத்து ஓரத்திலிருக்கும் வேப்பமரத்துக்குத் திருப்பிவிடுவான். மரம் தெரியும். டொக் என்று சத்தம் கேட்கும். கூச்சல் கேட்கும். கோல் விழுந்ததா இல்லையா என்று கேமரா திரும்பி வந்த பிறகுதான் தெரியும். இந்த வருஷம் அதிகக் கோல் போட்டது அந்த வேப்பமரம்தான் என்று கொம்பையா டீக்கடையில் சொல்லிக்கொள்வார்கள்.

கொம்பையா கடை தீப்பெட்டி ஆபீஸ் வாசலுக்கு நேர் எதிரே இருக்கிறது. அணியில் ஆடுகிற பிள்ளைகளில் பாதிப் பேரின் அம்மாக்கள் அந்த ஆபீஸில் பண்டல் கட்டுகிறவர்கள். தீக்குச்சி மருந்து புழங்குகிற இடம் என்பதால் கேட்டிலேயே செல்லை வாங்கி வைத்துவிடுவார்கள். சாயங்காலம் வேலை முடிந்து போகும்போதுதான் திரும்பக் கிடைக்கும். அதனால் யூடியூப்பில் அதே ஆட்டத்தைப் போட்டிருந்தாலும் அவர்களுக்குப் போடாத மாதிரிதான். நாலரை மணிக்கு டீ குடிக்க விடுவார்கள். கொம்பையா கடையில் ஒரு டிவி உண்டு. போன வாரம் முதல் பயிற்சி ஆட்டத்தன்று டீ குடிக்கப் போனவர்கள், மணி அடித்தும் திரும்பி வரவில்லை.

மறுநாளே ஆபீஸ் முதலாளி லிங்கராஜ் உமாவைக் கூப்பிட்டுவிட்டார். கெட்ட மனிதர் இல்லை. அணிக்குச் சட்டை எடுத்துக் கொடுப்பவரே அவர்தான்.

"உமா, லீக் ஃபைனலுக்கு மைதானத்துல பெரிய திரை வைக்கப்போறேன். ஊரே பாக்கட்டும். இந்தப் பயிற்சி ஆட்டத்தை எதுக்குக் காட்டுத? ஜெயிச்சாலும் ஒண்ணுமில்ல, தோத்தாலும் ஒண்ணுமில்ல."

"ஃபைனல்ல யாரு அண்ணாச்சி ஆடுவா?"

"நல்லா ஆடுறவ ஆடுவா."

"அதான் சொல்லுதேன். பெஞ்சுல உக்காந்திருக்க பிள்ளைக ஆடுறது இப்ப மட்டுந்தான். அந்தப் பிள்ளைகளைப் பெத்தவுக உங்க பேக்கிங்லதான் இருக்காவ. பெரிய திரையில அடுத்த வீட்டுப் பிள்ளை ஆடுறதைப் பாக்கவா அவிய ஆசைப்படுதாவ?"

"லோடு நிக்குது உமா. மணி அடிச்சும் ஒருத்தியும் வரலை."

"அதை அவியகிட்டக் கேளுங்க. வந்து உக்காருங்கன்னு நான் யாரையும் கூப்பிடலையே."

லிங்கராஜுக்கு முகம் சுருங்கிவிட்டது. "உன் லைனு எஞ் செவுத்து மேல போவுது. தெரியும்லா?"

"தெரியும். செவுரு உங்களோடது. லைனு என்னோடது."

"அப்போ என் செவுத்தை விட்டு எடு."

"எடுத்திருதேன் அண்ணாச்சி."

அவர் மிரட்டத்தான் சொன்னார். அந்தச் சுவர் வழியாகத்தான் கொம்பையா கடைக்கும் அதற்குப் பின்னால் இருக்கிற தெரு முழுவதற்கும் லைன் போகிறது. தெருவையே இருட்டாக்கிக்கொள்ள எந்தக் கேபிள்காரி துணிவாள் என்று நினைத்தார். உமா அன்று சாயங்காலமே ஏணியோடு வந்தாள். சுவர் நெடுக லைனைக் கழற்றிச் சுருட்டினாள். கிளாம்பெல்லாம் பிடுங்கினாள். ஆணி இருந்த ஒவ்வொரு ஓட்டையிலும் சிமெண்ட் வைத்துப் பூசி, அதன்மேல் சுண்ணாம்பும் அடித்துவிட்டாள். வாட்ச்மேன் வந்து, "இதெல்லாம் எதுக்குக்கா?" என்று கேட்டான்.

"நாளைக்கு ஒரு சொல்லு வந்திரக் கூடாது பாரு," என்றாள்.

ஊரெல்லாம் உமா பணிந்துபோனாள் என்றுதான் பேச்சு. தெருக்காரர்கள் சண்டைக்கு வந்தார்கள். அவர்களுக்குச் சீரியல் தெரியவில்லை. மாரிசெல்வி மட்டும் சண்டை போடவில்லை. பூங்கொடியின் அம்மா அவள். வாசலில் வந்து நின்றாள்.

"வியாழக்கிழமை கடைசி ஆட்டமாம் உமா. ரெண்டாவது பாதி முழுக்க அவதானாம்."

"நீ மைதானத்துக்கே போயிரேன்க்கா. ஒரு நாள் லீவு போட்டா என்ன?"

"அவ என்னைய வரக்கூடாதுங்கா. ரெண்டு தடவை போயி கோலுக்குப் பின்னால நின்னேன். ரெண்டு தடவையும் பந்து உள்ள போயிட்டுது. நீ வந்து நின்னாலே என் கையி மரத்துப்போவுதும்மான்னு சொல்லுதா. நான் போனா அவ கால் பேடைக் கழட்டிப் போட்டுட்டு வந்திருவா."

"அப்ப செல்வகணேஷ் எடுத்தது இருக்கும். ராத்திரி போட்டுக் காட்டச் சொல்லுதேன்."

மாரிசெல்வி தலையை ஆட்டினாள். "முடிஞ்சு போனதைப் பாக்கதுக்கு என்ன இருக்கு? அவ நிக்கும்போது பாக்கணும்."

உமா உள்ளே போய் லைன் சுருளை எடுத்து எண்ணெய்த் துணியால் துடைக்க ஆரம்பித்தாள்.

சுவர் இல்லையென்றால் போஸ்ட் நடவேண்டும். போஸ்ட் நட அனுமதி வாங்குவதற்குள் லீக்கே முடிந்துவிடும். ஆபீஸைச் சுற்றிப் போக இருப்பது ஒரே வழி, பின்பக்கத்துப் பருத்திக் காடு. தரையில் லைனைப் போட்டால் ஆடு மிதிக்கும், டிராக்டர் ஏறும். குழி வெட்டலாம் என்றால் சித்திரைக் கரிசல் கடப்பாரையையே திருப்பி அடிக்கும். உமா காட்டுக்குள் நடந்து பார்த்தாள். நிலம் பாளம்பாளமாக வெடித்துக் கிடந்தது. ஒரு வெடிப்பு போய் இன்னொன்றில் சேர்ந்தது. அது வளைந்து மூன்றாவதில் சேர்ந்தது. நடந்தவள் நின்றாள். குனிந்து கையை உள்ளே விட்டாள். முழங்கைவரை போனது.

காடு மாயகிருஷ்ணனுடையது. அவர் அங்கேயே ஆட்டுக் கிடை போட்டிருந்தார்.

"வெடிப்புக்குள்ள லைனைப் போட்டுக்கிடவா பெரியப்பா?"

"என்னமோ காட்டுக்குக் கைரேகை பாத்த மாதிரி கேக்க. போட்டுக்க. ஆனா மழை விழுந்தா கரிசல் வாயை மூடிரும் பாத்துக்க. மூடுனா உன் நரம்பை நெரிச்சுப்போடும்."

"அதுக்குள்ள போஸ்ட்டுக்கு எழுதிப்போட்டு வாங்கிருவேன்."

"ஆடியில நான் ஏர் கட்டுவேன். அன்னைக்கு உன் நரம்பு உள்ள கிடந்துச்சுன்னா கொழுவுல சுத்திக்கிட்டு வந்திரும். பிறகு என்னைய ஏசக் கூடாது."

"ஏச மாட்டேன்."

புதன்கிழமை முழுவதும் புருஷனும் பெண்டாட்டியுமாகப் போட்டார்கள். உமா ஒரு கவைக் குச்சியால் லைனை ஆழத்தில் இறக்கிக்கொண்டே போக, செல்வகணேஷ் பின்னால் வந்து மேலே மண்கட்டிகளைப் போட்டுத் தூர்த்தான். எங்கே வெடிப்பு நின்றுவிட்டதோ அங்கே மட்டும் கொஞ்ச தூரம் பள்ளம் தோண்டினார்கள். அந்தி சாய்ந்தபோது கொம்பையா கடையில் படம் வந்துவிட்டது. தெருவில் சீரியல் வந்துவிட்டது. சுவர் வெறுமையாக இருக்கிறதே, படம் எங்கிருந்து வருகிறது என்று ஆபீஸில் ஒருவருக்கும் பிடிபடவில்லை. உமாவும் சொல்லவில்லை.

வியாழக்கிழமை ஆட்டம் தொடங்கிச் சற்று நேரத்தில் படம் நின்றது.

மாயகிருஷ்ணன் காட்டிலிருந்து ஓட்டமும் நடையுமாக வந்தார். ஒரு வெள்ளாட்டுக் குட்டியின் கால் வெடிப்புக்குள் இறங்கிவிட்டதாம். இழுத்தால் கால் ஒடிந்துவிடும். இந்தக் காட்டில் எல்லாரும் என்ன செய்வார்களோ அதையே அவரும் செய்தார். கடப்பாரையை வெடிப்பில் கொடுத்து நெம்பினார். குட்டி துள்ளிக்கொண்டு வெளியே வந்தது. கடப்பாரை முனையில் கறுப்பாக எதுவோ சுற்றிக்கொண்டு வந்தது.

"தாயி, குட்டியைக் காப்பாத்திட்டேன். உன் நரம்பை அறுத்துட்டேன்."

உமாவுக்கு அவரைத் திட்ட வாய் வந்தது. ஆனால் தவறு அவளுடையது. இந்த ஊரில் வெடிப்பில் ஆட்டுக்கால் மாட்டுவதும் அதைக் கடப்பாரையால் நெம்புவதும் எல்லாருக்கும் தெரிந்த சங்கதி. தெரிந்தவளே அந்த இடத்தில் ஒரு குழாய்த் துண்டையாவது போட்டு அதற்குள் லைனை விட்டிருக்கவேண்டும். "கம்பளி இருக்கா?" என்று மட்டும் கேட்டாள். பெட்டியைத் தூக்கிக்கொண்டு அவருக்கு முன்னால் ஓடினாள்.

இப்போது கம்பளிக்குள் இழை ஒட்டும் மெஷினின் சிறு திரையில் இரண்டு நுனிகளும் எதிரும் புதிருமாகத் தெரிந்தன. ஒரு நுனியில் கடுகளவு அழுக்கு. உமா பெருமூச்சு விட்டாள். எடுத்தாள். திரும்பத் துடைத்தாள். திரும்ப வெட்டினாள்.

"மறுபடியுமா?" என்றார் மாயகிருஷ்ணன்.

"மறுபடியுந்தான்."

"நேரம் ஆவுதுன்னியே."

"ஆவுதுதான். அதுக்காகத் தப்பா ஒட்டுனா இன்னும் ஆவும்."

பொத்தானை அமுக்கினாள். நுனிகள் நெருங்கின. நீலமாக ஒரு பொறி. இரண்டும் ஒன்றாகிவிட்டன, எங்கே ஒட்டியது என்று அவள் கண்ணுக்கே தெரியவில்லை. ஓரத்தில் தள்ளி வைத்திருந்த குழலை மேலே இழுத்து, சூடு காட்டி இறுக்கினாள். ஒட்டிய இடத்தைச் சின்ன டப்பாவில் வைத்து மூடினாள். அப்புறம்தான் செல்லை எடுத்துக் கொம்பையாவைக் கூப்பிட்டாள்.

"படம் வருதா அண்ணே?"

அந்தப் பக்கம் ஒரே இரைச்சல். கொம்பையா கத்தினார். "வேப்பமரம் வருது!"

உமா கம்பளிக்குள்ளிருந்து வெளியே வந்தாள். கிளம்பும்போது திரும்பி, "இங்கனயே நில்லுங்க பெரியப்பா. ஒரு குட்டியையும் இந்தப் பக்கம் விடாதீங்க," என்றாள்.

"நிக்கேன், நிக்கேன். நீ போ. அந்தப் புள்ள என்ன பண்ணுதுன்னு எனக்கும் வந்து சொல்லணும்."

கடைக்கு அவள் போய்ச் சேர்ந்தபோது பாதி ஆட்டம் முடிந்து, பிள்ளைகள் தண்ணீர் குடித்துக்கொண்டிருப்பதைச் செல்வகணேஷ் காட்டிக்கொண்டிருந்தான். பெஞ்சு, ஸ்டூல், தரை எல்லாம் பெண்கள். ஆபீஸ் மணி அப்போதுதான் அடித்து ஓய்ந்திருந்தது. ஒருவரும் எழுந்திருக்கவில்லை. வாசலில் லிங்கராஜ் நின்றுகொண்டிருந்தார். அவர் உமாவைப் பார்த்தார். மண் அப்பிய முழங்கையைப் பார்த்தார். அப்புறம் எதிரே தன்னுடைய வெறுஞ்சுவரைத் திரும்பிப் பார்த்தார்.

"எந்த வழியா வருது?"

"உங்க செவுரு வழியா இல்ல அண்ணாச்சி."

"அதான் தெரியுதே. எந்த வழியா?"

"பூமிக்குள்ள இருந்து வருது. வேணும்னா தோண்டிப் பாருங்க. அது மாயகிருஷ்ணன் பெரியப்பா காடு. அவருகிட்டக் கேட்டுட்டுத் தோண்டுங்க."

யாரோ சிரிப்பை அடக்கிக்கொண்டார்கள். லிங்கராஜ் பெண்கள் பக்கம் திரும்பினார். "மணி அடிச்சாச்சு. காதுல விழலையா?"

தரையில் உட்கார்ந்திருந்த சொர்ணத்தாய் எழுந்திருக்காமலே நிமிர்ந்து பார்த்தாள். அவள் மகளும் அன்றைக்கு ஆடிக்கொண்டிருந்தாள்.

"விழுந்துச்சு முதலாளி. இன்னும் பாதி ஆட்டம், ரெண்டு குவார்ட்டர் இருக்கு. லாரி எட்டு மணிக்குத்தான வருது. ஆட்டம் முடிஞ்சதும் வந்து லோடை முடிச்சுக் குடுத்துட்டுத்தான் வீட்டுக்குப் போவோம். ஒரு பண்டல் குறைஞ்சா என்னையக் கேளுங்க."

"முடியாதுன்னு சொன்னா?"

"சொல்லிட்டு உள்ள போங்க. நாங்க பாத்துட்டு வாரோம்."

அவர் ரோட்டைக் கடந்து கேட்டுக்குள் போய்விட்டார். இனி என்ன செய்வாரோ, அது நாளைய பாடு.

திரையில் பிள்ளைகள் மைதானத்துக்குள் இறங்கினார்கள். கடைசியாக, அசைந்து அசைந்து, பெரிய பேடோடும் ஹெல்மெட்டோடும் ஓர் உருவம் கோலை நோக்கிப் போனது. "ஏட்டி, பூங்கொடி! பூங்கொடிதான்!" என்று கடை முழுவதும் சத்தம். உமா மாரிசெல்வியைத் தேடினாள்.

மாரிசெல்வி டிவிக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, பாய்லரைப் பார்த்து உட்கார்ந்திருந்தாள்.

"யக்கா! அங்கன என்ன பாக்க? திரும்பு."

"வேண்டாம்டி. நீங்க பாத்துச் சொல்லுங்க. நான் காதால கேட்டுக்கிடுதேன்."

"கிறுக்கா புடிச்சிருக்கு உனக்கு?"

"நான் பாத்தா பந்து உள்ள போயிரும்."

"அவ மைதானத்துக்கு வராதன்னுதான சொன்னா. கொம்பையாண்ணன் கடைக்கு வராதன்னா சொன்னா?"

"கண்ணு ஒண்ணுதானேடி."

கடையே சிரித்தது. உமாவுக்குச் சிரிப்பு வரவில்லை. "ரெண்டு தடவை கோல் விழுந்துச்சே, அவ முன்னால தடுக்க நின்ன பிள்ளைக எங்க போச்சு? அவுக பந்தை விட்டதுக்கு அவுக அம்மாமாரு கண்ணா காரணம்? எல்லாப் பழியையும் எடுத்து உந்தலையில நீயே வச்சுக்கிடுதயே. நான் என்னத்துக்குக்கா அந்தக் காட்டுல போயிக் கிடந்தேன், நீ பாய்லரைப் பாக்கவா?"

மாரிசெல்வி மடியில் இரண்டு கைகளையும் கோத்து இறுக்கிக்கொண்டிருந்தாள். திரையில் திருநெல்வேலிப் பிள்ளைகள் பந்தைத் தள்ளிக்கொண்டு வலப்பக்கமாக ஏறி வந்தார்கள்.

உமா கல்லாப்பெட்டி மேலிருந்த ரிமோட்டை எடுத்தாள். டிவிக்கு நேர் கீழே போய் நின்றாள். அங்கிருந்தே கையை நீட்டினாள்.

"இந்தா, புடி. உனக்குப் பாக்க ஆகலைன்னா நீயே அமத்திரு. நீ அமத்துனா இங்கன ஒருத்தியும் கேக்கமாட்டா. நான் கேக்கவிடமாட்டேன். ஆனா வேற எவனும் அமத்த முடியாது. வா, வந்து வாங்கு."

பெண்கள் கால்களை மடக்கி வழி விட்டார்கள். மாரிசெல்வி எழுந்தாள். வாங்கவேண்டுமானால் திரும்பத்தான் வேண்டும். திரும்பினாள். திரையை முழுவதும் அடைத்துக்கொண்டு, கால்களை அகட்டி, கைகளை விரித்து அவள் மகள் நின்றாள். மாரிசெல்வி அதை விட்டுக் கண்ணை எடுக்காமலே நடந்து வந்து, மருந்துக்கறை ஏறிய விரல்களை நீட்டினாள். உமா அவற்றை விரித்து, ரிமோட்டை உள்ளே வைத்து, மூடிவிட்டாள்.